பாதைக்குப் பதில் படம்

உலக நிர்வாக வரலாற்றிலேயே, ஒரு போக்குவரத்துப் பிரச்சினையை ஒரு நிமிடம் பத்து வினாடியில் தீர்த்துவைத்த பெருமை தீவகப் பாரம்பரியப் போக்குவரத்து இணைப்பலகத்தையே சாரும்.

பிரச்சினை அற்பமானது. ஊர்காவற்றுறைக்கும் காரைநகருக்கும் இடையில் ஆட்களை ஏற்றிக் கடல் கடக்கும் மிதவையை ஊர்ச்சனம் 'பாதை' என்பார்கள். அது பழுதாகி எட்டு மாதம். கண்ணுக்கெதிரே தெரிகிற காரைநகருக்கு யாழ்ப்பாணத்தைச் சுற்றி இரண்டு பஸ். அங்கே நண்டுக் கம்பனியில் வேலை செய்யும் யூலியானா நாள்தோறும் பிந்தினாள். திங்கட்கிழமையும் பிந்தினால் வரவே வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அவளுடைய மகள் நிலக்சனா, வீட்டின் முதல் பட்டதாரி, இணைப்பலகத்தில் கூட்டக் குறிப்பு எழுதுபவள். பாதையைத் திருத்தும்படி அம்மா எழுதிய கடிதத்தை அவள்தான் சபையில் வைத்தாள்.

கடிதத்துக்கு முதல் 'மரபுரிமைக் காட்சி'. நூறு வருடத்துக்கு முன் யாரோ வெள்ளைக்காரன் எடுத்த ஊமைப்படம். மாட்டுவண்டி மினிபஸ்ஸை முந்தும் வேகத்தில் போனது. சுருட்டுப் பிடித்த கிழவர்கள் சந்தைக்குப் பறந்தார்கள். ஒரு தோணி ஊர்காவற்றுறையில் புறப்பட்டுக் காரைநகரில் போய் முட்டியது. அது கடல் கடந்த நேரத்தைத் தலைவர் நடராசா போனில் பார்த்திருந்தார்: ஒரு நிமிடம் பத்து வினாடி.

"பாதை ஓடின காலத்திலையே பத்து நிமிசம்," என்றார். "அதைத் திருத்தி என்ன பிரயோசனம்? ஒரு தோணி குடுப்பம். உம்மடை அம்மாவும் துடுப்பு வலிக்கப் பழகட்டும்."

சபை மேசையில் தட்டி ஆமோதித்தது.

"சேர், அது தோணியின்ரை வேகமில்லை. அந்தக் காலத்துப் படத்தை இப்பத்தைய மிசினிலை போட்டால் எல்லாம் வேகமா ஓடும்," என்றாள் நிலக்சனா.

"நீர் என்ன படிச்சனீர்?"

"புவியியல்."

"அப்ப படத்தைப் பற்றிக் கதையாதையும்."

படத்தின் இன்னொரு மகத்துவத்தையும் தலைவர் கண்டுபிடித்தார். தோணித்துறையில் அவ்வளவு சனம் நின்றும் ஒரு முறைப்பாடு கேட்கவில்லையாம். அதுதான் பண்பாடாம்.

"அவையும் வாய் திறக்கினம் சேர். கமெராவைப் பாத்துக் கத்தினம். எடுத்தவைதான் சத்தத்தைப் பதியேல்லை."

"இதைக் குறிப்பிலை எழுதாதையும்."

கடிதம் ஏகமனதாகத் தள்ளுபடியானது. நிலக்சனா கட்டளைக்குப் பணிந்தாள், அதை எழுதவில்லை. வேறொன்றை எழுதினாள்: 'பொதுமக்கள் நூறு வருடமாகக் கத்துகிறார்கள். தொடர்ந்தும் கேட்காமல் இருப்பதென்று சபை தீர்மானித்தது.'

வாசித்து நேரத்தை வீணாக்கும் பழக்கமில்லாத தலைவர் உடனே கையொப்பமிட்டார். பிறகு முத்திரையைத் தேடி எடுத்து, மையில் நன்றாக ஊன்றிக் குத்தினார்: 'உண்மைப் பிரதி.'