மூன்றரையாம் வீதி

வழி தவறவே முடியாத ஊரில் வழி தவறுவது எப்படி என்று கண்டுபிடித்தவர் உலகத்திலேயே ஒருவர்தான். அவரை எல்லோரும் மூணரை என்று கூப்பிடுவார்கள்.

உலகச் சண்டைக் காலத்தில், அரிசி இருக்கும் ஊராகத் தேடி அலைந்து, கடைசியில் புதுக்கோட்டையில் ஒரு சாப்பாட்டுக் கிளப்பில் எச்சில் இலை எடுக்க ஒட்டிக்கொண்டேன். ஐந்தாம் வகுப்பைப் பாதியில் விட்டவனுக்கு அது எட்டாவது வேலை. மூணரை அங்கே வீடு வீடாகக் கேரியரில் சாப்பாடு கொண்டுபோகிறவர்.

ஊர் ஸ்லேட்டில் கோடு கிழித்த மாதிரி இருக்கும். கீழ ராஜ வீதி, அப்புறம் இரண்டாம் வீதி, மூன்றாம் வீதி, நான்காம் வீதி. கண்ணைக் கட்டி விட்டாலும் போய்ச் சேரலாம். மூணரை மட்டும் மூன்றுக்கும் நான்குக்கும் நடுவில் இன்னொரு வீதி இருக்கிறது என்பார்.

"நாலு தடவ சோத்தாங்கைப் பக்கமாத் திரும்பு. பொறப்பட்ட எடத்துக்கே வந்துட்டோம்னு நெனைப்பே. ஆனா ஒரு எட்டு கொறைவா நிக்கிறே. அந்த எட்டெல்லாம் எங்கிட்டுப் போச்சு?"

"எங்கிட்டுண்ணே?"

"சேந்து சேந்து ஒரு வீதியாயிருச்சு."

உள்ளே நுழையப் பின்னோக்கி நடக்க வேண்டுமாம். யாரிடமும் வழி கேட்கக் கூடாதாம். அப்படிக் கேரியரோடு பின்னோக்கிப் போய் ஒரு வக்கீல் வீட்டுப் பசுமாட்டின் மேல் உட்கார்ந்தேவிட்டார். ரசம் ஒரு சொட்டு சிந்தவில்லை. மாடுதான் இரண்டு நாள் பால் கொடுக்கவில்லை. முதலாளி தலையில் அடித்துக்கொண்டார்: "மாட்டுக்குத் தெரியிற வழி ஒனக்குத் தெரியலையேய்யா!"

எல்லோரும் சிரித்தோம். நான் கொஞ்சம் அதிகமாகவே சிரித்தேன். அவர் அந்த வீதியைத் தேடும் காரணம் பிறகுதான் தெரிந்தது. அவருடைய தம்பி, வெற்றிலை வாங்கி வருகிறேன் என்று போனவன், திரும்பவே இல்லை.

"இம்புட்டு நேரான ஊர்ல ஒரு ஆளு எப்புடித் தொலைவான்? அந்த வீதியிலதான் நிக்கிறான். பசியோட நிக்கிறான்."

தினமும் மத்தியானம் தன் பங்குச் சோற்றை இலையில் கட்டி, மூன்றாம் வீதிக்கும் நான்காம் வீதிக்கும் நடுவே கொல்லைப்புறமாகப் போகும் சந்தில் வைத்துவிட்டு வருவார். மறுநாள் போனால் இலை காலியாகக் கிடக்கும். "தின்னுட்டான்யா, தின்னுட்டான்!" என்று கிளப்பே அதிர ஆடுவார்.

தின்றது நான். கிளப்பில் எங்களுக்கு ஒருவேளைச் சோறுதான். அவர் இளைத்துக்கொண்டே வந்தார். எனக்குக் கன்னத்தில் சதை பிடித்தது.

ஒருநாள் அவசரத்தில், தின்ற இலையை என் பக்கமாக மடிக்காமல் எதிர்ப்பக்கமாக மடித்துப் போட்டுவிட்டேன். எழவு வீட்டுப் பந்தியில்தான் அப்படி மடிப்பார்கள். இலை எடுப்பதையே தொழிலாக வைத்திருந்தவன் செய்த தப்பு.

மறுநாள் மூணரை மொட்டைத் தலையோடு வந்தார்.

"தம்பி சேதி சொல்லிட்டான்ப்பா. எலைய அந்தப்பக்கமா மடிச்சிருக்கான். செத்துப்போனான்."

செத்தவன் எப்படி இலை மடிப்பான் என்று கேட்க யாருக்கும் வாய் வரவில்லை. உண்மை தெரிந்த நானும் பதினைந்து நாள் வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

பதினாறாம் நாள், காரியச் சாப்பாட்டுக்கு, கிளப்பின் பின்கட்டில் ஒரே ஒரு இலை போட்டார். "எனக்குச் சொந்தம்னு யாரு இருக்கா? நீ உக்காரு."

எடுத்த முதல் கவளத்தை இலையிலேயே திரும்ப வைத்தேன்.

"அண்ணே, நாந்தாண்ணே தின்னேன். அத்தனை நாளும் நாந்தான்."

"அந்த எலையுமா?"

"ஆமாண்ணே. பாக்காம மடிச்சுட்டேன்."

அறை விழட்டும் என்று கன்னத்தைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவர் முகம் மெல்ல மெல்ல விரிந்தது.

"அப்ப அவன் சாகலையா!"

துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "நான் போயிப் பாக்குறேன். நீ எந்திரிக்காத, நல்லாச் சாப்பிடு. இம்புட்டுப் பசிய வச்சுக்கிட்டு ஒரு வார்த்த சொல்லாம இருந்திருக்கியே, கிறுக்குப்பயலே!"

போகிற அவசரத்திலும் இலையில் இன்னொரு கரண்டி சோறு வைத்துவிட்டுத்தான் போனார். அழுதுகொண்டே எல்லாவற்றையும் தின்றேன். அதற்குப் பிறகு எத்தனையோ ஊரில் திட்டு வாங்கிவிட்டேன். அத்தனை பிரியமாக யாரும் திட்டியதில்லை.