இளைய தாரம் எழுதிக்கொள்வது

மரியாதைக்குரிய சகலை அவர்களுக்கு,

நலம். நலமில்லாதவை கீழே வருகின்றன. அங்கே தாங்களும் அக்காவும் பிள்ளைகளும் என்னைவிட நன்றாக இருப்பீர்கள் என்ற நம்பிக்கையில் எழுதுகிறேன்.

உங்கள் மைத்துனி கண்ணை மூடி எட்டு மாதமாகிறது. அரசு ஆஸ்பத்திரி ரெக்கார்டு அறையில் இருபத்தாறு வருடம் உழைத்தவள். குடும்பப் பென்ஷனுக்கு நான் மனுப் போட்டால், பணிப்பதிவேட்டில் கணவர் என்ற இடத்தில் இருப்பது முதல் வீட்டுக்காரர் பெயர் என்று பதில் வருகிறது. வேலைக்குச் சேர்ந்த அன்று எழுதியது. அவர் வெளியூருக்கு லாரி ஓட்டப் போனவர், போனவர்தான். விவாகரத்துப் பத்திரம் எதுவும் கிடையாது. சரி, அன்று எழுதினாள். அதற்கப்புறம் என்னோடு பத்தொன்பது வருடம் குடித்தனம் நடத்தினாளே, ஒரு நாள், ஒரு மத்தியானம், அதை அடித்துவிட்டு என் பெயரை எழுதக் கை வரவில்லையா? ஊரார் ஃபைலையெல்லாம் தூசு தட்டி அடுக்கினவள்! பென்ஷன் கிடக்கட்டும் சகலை, எனக்கு டிரைவிங் ஸ்கூல் சோறு போடுகிறது. அவள் மனசில் நான் யார் என்பதுதான் எட்டு மாதமாக என்னைப் போட்டு அரிக்கிறது. அதனால்தான் உங்களைச் சாட்சி சொல்ல வரச் சொல்லி போன கடிதத்தில் கெஞ்சியிருந்தேன்.

அந்த முதல் வீட்டுக்காரரும் எங்கிருந்தோ வந்து மனுப் போட்டுவிட, போன செவ்வாய்க்கிழமை எங்கள் இரண்டு பேரையும் ஆபீஸுக்கு வரச் சொன்னார்கள். இருக்கிற நாலு முடியையும் படிய வாரிக்கொண்டு போனேன். பெஞ்சில் ஒருத்தர் கைத்தடியோடு உட்கார்ந்திருந்தார். அவருக்கு என் மனசுக்குள் பெரிய மீசையெல்லாம் வரைந்து வைத்திருந்தேன். பார்த்தால் என்னைவிட வழுக்கை. கொஞ்சம் ஆறுதலாகத்தான் இருந்தது.

கவுன்டர் அம்மா ஃபைலைப் பார்த்தபடியே, "இதுல மூத்த தாரம் யாரு?" என்றார். பழக்கதோஷம். கைத்தடிக்காரர் கையைத் தூக்கினார்.

"அப்ப நீங்க இளைய தாரமா?"

"ஆமாங்க மேடம்" என்று தலையைக் குனிந்துகொண்டேன் சகலை, புதுப்பெண் மாதிரி.

"ரெண்டு பொம்பளைங்கன்னா குடுமிப்பிடி சண்டை நடக்கும், நான் எந்திரிச்சுப் பிரிச்சு விடுவேன். உங்களுக்கு அதுக்கும் வழியில்லையே. சரி, நீங்க ஒருத்தருக்கொருத்தர் என்ன உறவு?"

முழித்தோம். அக்காளையும் தங்கையையும் கட்டினால் சகலை. ஒருத்தியையே ரெண்டு பேர் கட்டினால்? சக்களத்திக்கு ஆண்பால் கிடையாது, நான் தேடிப் பார்த்துவிட்டேன். கடைசியில் அந்த அம்மாவே 'தெரிந்தவர்' என்று போட்டுக்கொண்டார்.

"சேர்ந்து வாழ்ந்ததுக்கு அடையாளமா ஏதாவது சொல்லுங்க" என்றதும் மூத்தவர் தொண்டையைச் செருமினார். "கல்யாணமான புதுசுல மைதானத்துல என் லாரியை அவதான் ஓட்டுவா மேடம். நான்தான் சொல்லிக் குடுத்தேன். கியர் மாத்துற சத்தமே கேக்காது."

"எதை ஓட்டுவா?" என்றேன்.

"லாரியைத்தாங்க. ஏன், உங்ககிட்ட சொல்லலையா?"

சகலை, அவ என் ஸ்கூலுக்குக் கார் கத்துக்க வந்தவ. மூணு டெஸ்ட்லயும் கம்பத்தை இடிச்சு ஃபெயில் ஆகி, மூணு தடவையும் மறுபடி வந்து சேர்ந்தவ. அதைச் சொல்லிச் சொல்லியே பத்தொன்பது வருஷம் சிரிச்சிருக்கேன், நீங்களும் கூடச் சேர்ந்து சிரிச்சிருக்கீங்க, அவளும் ஒண்ணும் சொல்லாம சிரிச்சுக்கிட்டு நின்னா. லாரி ஓட்டினவ எதுக்கு என் ஓட்டைக் கார்ல என் பக்கத்துல வந்து உக்காந்து மாசக்கணக்கா ஃபெயில் ஆகணும்? எனக்கு அங்கேயே பொங்கிப் பொங்கி வந்துடுச்சு. கவுன்டர் அம்மா தண்ணி பாட்டிலை நீட்டினாங்க. மூத்தவர் தான் ஜெயிச்சுட்டதா நினைச்சு, "விடுங்க தம்பி, அழாதீங்க"ன்னு முதுகைத் தட்டினார்.

ஆகவே நீங்க சாட்சிக்கு வர வேண்டாம். மனுவை வாபஸ் வாங்கிக்கிறேன்னு எழுதி வச்சுட்டேன். பென்ஷனை அவரே வாங்கிக்கட்டும், பாவம், மூட்டு வலி. எனக்கு வேண்டியது கிடைச்சாச்சு.

அக்காவை அழ வேண்டாம் என்று சொல்லவும். பிள்ளைகளுக்கு என் ஆசிகள். தாங்கள் ஓட்டும் ஸ்கூட்டருக்கு என் அனுதாபங்கள்.

இப்படிக்கு,
தங்கள் சகலையும், அரசாங்கக் கணக்கில் இளைய தாரமுமாகிய நான்.

பின்குறிப்பு: மேலே உள்ளதெல்லாம் ரத்து. கவரை ஒட்டப் போற நேரத்துல மூத்தவர் வீட்டுக்கே வந்துட்டார். டீ குடிச்சுக்கிட்டே, "முன்னாடி போறதெல்லாம் ஜோராப் போவா தம்பி. ரிவர்ஸ்தான் சுட்டுப்போட்டாலும் வராது. என் லாரியை ரெண்டு தடவை சுவத்துல சாத்திட்டா"ன்னார். போச்சு! மூணு டெஸ்ட்லயும் கம்பத்தை இடிச்சது ரிவர்ஸ்லதான். அப்ப அவ நிஜமாவே கத்துக்கத்தான் வந்திருக்கா. வாபஸ் கடிதத்தைக் கிழிச்சுப் போட்டுட்டேன். ஆனா சகலை, நாலாவது தடவை பாஸாகி, லைசென்ஸ் கைக்கு வந்த மறுநாளும் காலைல ஆறு மணிக்கு ஸ்கூல் வாசல்ல வந்து நின்னாளே, அது எதுக்குன்னு அவர்கிட்டயே கேட்டேன். டம்ளரைக் கீழ வச்சார். அப்புறம், "அதை மேடம்கிட்ட சொல்லிடுங்க தம்பி, நான் உங்களுக்குச் சாட்சிக் கையெழுத்துப் போடுறேன்"னார். ரெண்டு சாட்சி வேணுமாம், அவர் ஒண்ணு, நீங்க ஒண்ணு. வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்கு நீங்க வந்துடுங்க.