ஆடாமல் ஒரு சுரம்

அசைவாளர் என்றோர் இனம் உண்டு. பறவைப் புத்தகத்தில் தேடாதீர்கள். பக்கத்து வீட்டு மொட்டைமாடியில் தேடுங்கள். மாலை ஆறு மணிக்குக் கொடியில் காயும் துணிகளுக்கு நடுவே, கறுப்புக் குழல் ஒன்றை வாயில் வைத்து, கண்ணை மூடி, இடப்புருவத்தை மட்டும் உயர்த்தி, வலிக்கிறதா இனிக்கிறதா என்று பார்ப்பவர் குழம்பும்படி ஒருவர் கிளாரினெட் ஊதிக்கொண்டிருந்தால், அவர்தான்.

கிளாரினெட்டில் ஒரு சுரத்தைப் பிடித்துக்கொண்டு கீழ்த்தாடையை மெல்ல அசைத்தால், அந்தச் சுரம் கண்மாய்த் தண்ணீரில் காற்றுப் பட்டதுபோல நெளியும். வைப்ரேட்டோ என்பார்கள். அழகான சங்கதிதான். இலை ஓரத்தில் ஊறுகாயும் அழகான சங்கதிதான். அதற்காக ஊறுகாயைப் பிசைந்து, மேலே ஊறுகாயை ஊற்றி, தொட்டுக்கொள்ளவும் ஊறுகாயே வைத்துக்கொண்டு யாராவது சாப்பிடுவார்களா? அசைவாளர் சாப்பிடுவார். போதாமல் நமக்கும் பரிமாறுவார்.

ஆனையூர் ஹரிஷங்கரையே எடுத்துக்கொள்வோம். வயது நாற்பத்தாறு. காப்பீட்டு அலுவலகத்தில் வேலை. பசுமலையில் தான் படித்த பள்ளியின் பழைய மாணவர் பேண்டில் முதல் கிளாரினெட். நான்கு வருடங்களுக்கு முன் யூடியூபில் யாரோ ஒரு வெள்ளைக்காரர் தாடையை அசைத்து ஊதியதைப் பார்த்தார். அன்றோடு சரி, அவர் ஊதிய எந்தச் சுரமும் நின்ற இடத்தில் நின்றதில்லை. சோகப் பாட்டா? அசைவு. நடைபோடும் பாட்டா? அசைவு. மாடி வீட்டுப் பிள்ளையின் பிறந்தநாளுக்கு அவர் வாழ்த்து ஊதியபோது, கத்தியை எடுத்த பிள்ளை கேக்கை வெட்டாமல் அம்மாவிடம் ஓடிவிட்டது. டவுன் பஸ்ஸில் வாத்தியமே இல்லாமல் தாடை அசையும். “அண்ணே, துப்புறதா இருந்தா எறங்கித் துப்புங்க” என்று கண்டக்டர் எச்சரித்ததுண்டு. பல் மருத்துவர் தூக்கத்தில் பல் கடிக்கும் பழக்கம் உண்டா என்று கேட்டார். “கலை” என்று ஒரே சொல்லில் பதில் வந்தது. மருத்துவர் சீட்டில் ஏதோ எழுதிக்கொண்டார்.

மனைவி பிரியம்வதா, சித்திரை வெயில் கொளுத்திய ஒரு மாலையில், மொட்டைமாடிக்கு வந்து நின்றார்.

“ஏன்னா, குளிர்றதா உங்களுக்கு?”

“இது உணர்ச்சி, பிரியா.”

“சரி. உணர்ச்சிக்கு ஒரு ஸ்வெட்டர் போட்டு விடுங்கோ.”

அசைவாளருக்கு இப்படிப்பட்ட சொற்கள் உறைக்காது. நேராக ஊதுகிறவர்களைப் பார்த்தால் அவருக்கு இரக்கம்தான் வரும். பேண்டின் இரண்டாவது கிளாரினெட்டான பாண்டீஸ்வரி, உசிலம்பட்டிப் பக்கம் பள்ளி ஆசிரியை. அடிக்கோல் வைத்துக் கோடு போட்டாற்போல ஊதுவார். “நல்ல பொண்ணு. உயிர்தான் இல்ல” என்று ஹரிஷங்கர் அவரைப் பற்றிப் பெருமூச்சு விட்டிருக்கிறார். அந்தப் பெருமூச்சிலும் இலேசாக ஓர் அசைவு இருந்தது.

இப்போது பள்ளிக்கு நூற்றாண்டு விழா வந்தது. ஞாயிற்றுக்கிழமை. விழாவின் தொடக்கமே பள்ளிப் பாட்டு. பாட்டின் தொடக்கம் எட்டு வரி, கிளாரினெட் மட்டும் தனியாக. முப்பது வருடங்களுக்கு முன் அதே மேடையில் அதே எட்டு வரியை ஊதப்போன பத்தாம் வகுப்பு ஹரிஷங்கரின் வாத்தியம், மிதிபட்ட நாய்க்குட்டிபோல ஒரு சத்தம் போட்டது. மண்டபமே சிரித்தது. சிரித்தவர்களில் பாதிப்பேர் ஞாயிற்றுக்கிழமை வரப்போகிறார்கள். அவர் எப்படி விடுவார்? அலுவலகத்தில் எல்லோரிடமும் சொன்னார், அடுக்ககத்தில் சொன்னார், பால்காரரிடம் சொன்னார், தவறுதலாக அழைத்த கடன் அட்டைக்காரப் பெண்ணிடமும் சொன்னார்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் கடைசி ஒத்திகை. பேண்டு மாஸ்டர் ராஜபாண்டி, ஹரிஷங்கருடன் ஒரே பெஞ்சில் படித்தவர்; உசிலம்பட்டியில் கல்யாண பேண்டு செட் நடத்துகிறவர். பெரிய விழா என்றால் மட்டும் இந்த பேண்டில் ஒரு வழக்கம் உண்டு. தொடங்குமுன் முதல் கிளாரினெட் ஒரே ஒரு சுரத்தை நீளமாக ஊதும். மற்ற இருபது பேரும் தங்கள் வாத்தியத்தை நீட்டிக் குறுக்கி அதோடு சுருதி சேர்த்துக்கொள்வார்கள்.

ஹரிஷங்கர் எழுந்தார். கண்ணை மூடினார். புருவம் ஏறியது. ஊதினார். சும்மா ஒரு சுரம்தானே என்று விட்டுவிட அவர் என்ன சாதாரண ஆளா? அதையும் அசைத்தார்.

எல்லோரும் சேர்த்துக்கொண்டார்கள். ராஜபாண்டி கையைத் தூக்கி இறக்கினார். எழுந்த சத்தத்தில் மண்டபத்து விட்டத்திலிருந்த புறாக்கள் மொத்தமாக வெளியேறின.

“நிப்பாட்டு! எவன்டா சுருதி சேக்கல?”

பெரிய குழலைக் கட்டிப்பிடித்து உட்கார்ந்திருந்த மலையாண்டி கையெடுத்துக் கும்பிட்டார். “மாஸ்டரே, நான் அண்ணன் ஊதுனதுக்குத்தேன் சேத்தேன்.”

“நானும் அதுக்குத்தேன்” என்றது டிரம்பெட். எல்லா வாத்தியமும் அதையே சொன்னது. யாரும் பொய் சொல்லவில்லை என்பதுதான் சிக்கல்.

பாண்டீஸ்வரி மெதுவாகச் சொன்னார்: “சார், ஹரிஷங்கர் அண்ணன் ஊதுனது மேலயும் கீழயும் போச்சு. மேல போனப்ப மலையாண்டி அண்ணன் பிடிச்சுக்கிட்டாரு. கீழ எறங்குனப்ப நான் பிடிச்சேன். நடுவுல யாரு ஏறுனாகன்னு தெரியல.”

“டவுன் பஸ்ஸாடா ஓட்டுற?” என்றார் ராஜபாண்டி.

“நம்ம சங்கீதத்துல கமகம் இல்லையா?” ஹரிஷங்கரின் கடைசிக் கோட்டை இது.

“இருக்கு மாப்ள. எங்க ஆட்டணும், எம்புட்டு ஆட்டணும்னு தெரிஞ்சு ஆட்டுறது அது. நீ எங்க நிக்கிறேன்னே தெரியாம ஆடுற. ஆடாம ஒண்ணே ஒண்ணு ஊது. நாலு எண்ணுற வரைக்கும்.”

ஊதினார். தாடையை விரலால் அழுத்திக்கொண்டு ஊதவேண்டியிருந்தது. நான்கு வருடங்களில் முதல்முறையாகத் தன் வாத்தியம் நேராக நின்று பேசுவதைக் கேட்டார். சுருதி கீழே கிடந்தது. கொஞ்சநஞ்சமல்ல. ராட்டினம் நின்றபிறகுதானே செருப்பு எங்கே விழுந்தது என்று தெரியும்?

ராஜபாண்டி வாத்தியத்தை வாங்கிப் பார்த்தார். ஊதும் முனைக்குக் கீழே, சுருதியைக் கூட்டவும் குறைக்கவும் இழுக்கிற சிறிய உருளை ஒன்று உண்டு. அது அரை விரற்கடை வெளியே இழுத்தபடி இருந்தது.

“இத எப்ப இழுத்த?”

எப்போது? நான்கு வருடங்களுக்கு முன், ஒரு கோடை விழாவில், சுருதி ஏறுகிறது என்று. பிறகு உள்ளே தள்ள மறந்துவிட்டார். அதற்கப்புறம் எதை ஊதினாலும் ஏதோ உறுத்தியது. அந்த உறுத்தல் தெரியாமல் இருக்கத் தாடை ஆடியது. அந்த ஆட்டத்துக்கு உணர்ச்சி என்று பெயர் வைத்தார். ராஜபாண்டி உருளையை ஒரு திருகு திருகி உள்ளே தள்ளினார்.

“அம்புட்டுத்தேன். இப்ப அந்த எட்டு வரிய நேரா ஊதிக் காட்டு. ஞாயித்துக்கிழம உனக்குத்தேன்.”

முதல் வரி நேராக வந்தது. இரண்டாவதும் வந்தது. சட்டையில்லாமல் கடைத்தெருவில் நிற்பதுபோல் கூசியது ஹரிஷங்கருக்கு. மூன்றாவது வரியில் கண் தானாக மூடியது. புருவம் ஏறியது. மலையாண்டி தலையைக் குனிந்துகொண்டார்.

“பழகிருச்சுடா” என்றார் ஹரிஷங்கர், உட்கார்ந்து வாத்தியத்தை மடியில் இறக்கி. பாண்டீஸ்வரி பக்கம் திரும்பினார். “ரெண்டு நாள்ல போகாது. தாயி, நீங்களே ஊதுங்க.”

“அண்ணே, ஊருக்கே சொல்லி வச்சிருக்கீகளே?” என்றார் பாண்டீஸ்வரி.

“பால்காரர் வரைக்கும் சொல்லியாச்சு. பரவாயில்ல. அவர் மாடும் நான் ஊதுனதக் கேட்டிருக்கு.”

பேண்டே சிரித்தது. முப்பது வருடங்களில் முதல்முறையாக அவரும் சேர்ந்து சிரித்தார்.

ஞாயிற்றுக்கிழமை பாண்டீஸ்வரி ஊதினார். கைபேசியில் இருந்தவர்கள்கூட நிமிர்ந்து பார்த்தார்கள். உயிர்தான் இல்லை என்று ஹரிஷங்கர் முணுமுணுக்கப் பார்த்தார். முடியவில்லை. ஆனால் அதற்கு ஐந்து நிமிடம் முன்னால், திரைக்குப் பின்னே, கூட்டத்துக்குக் கேட்காத இடத்தில் அவர் எழுந்து நின்று ஒரு சுரம் கொடுத்திருந்தார். கண்ணைத் திறந்துகொண்டு, நாலு எண்ணும்வரை, ஆணி அடித்தாற்போல. இருபது வாத்தியங்களும் அதன்மேல் வந்து உட்கார்ந்தன. அவர் வாழ்நாளில் ஊதிய மிகச் சிறந்த சுரம் அதுதான். பிரியம்வதா அப்போது வெளியே காப்பி வாங்கிக்கொண்டிருந்தார்.

பாவம் மனுஷன் என்கிறீர்களா? நான் கிளாரினெட்டைத் தொட்டதே இல்லை, எனக்கென்ன என்கிறீர்களா? அசைவாளர் இனத்துக்கு வாத்தியம் கட்டாயமில்லை. படிக்காத அறிக்கையைப் பற்றி மேலதிகாரி கேட்கும்போது, “அதாவது சார், ஒருவகையில பாத்தா, கிட்டத்தட்ட...” என்று நீங்கள் இழுக்கிற இழுப்பு என்ன? வரப்போவதில்லை என்று தெரிந்த கல்யாணத்துக்கு, “பாப்போம், பெரும்பாலும், முடிஞ்சா” என்று சொல்கிறீர்களே, அதை நம்பி எத்தனை பேர் எத்தனை இடத்தில் சுருதி சேர்த்துக்கொண்டு நிற்கிறார்கள் தெரியுமா?

நான் அப்படி இல்லை என்கிறீர்கள். நல்லது. அதையே ஒரு முறை உரக்கச் சொல்லுங்கள், ‘கிட்டத்தட்ட’ என்று இழுக்காமல்.