அசையா மாஸ்ரரின் கார்

ஸ்காபரோவில் ஐம்பது வயதைத் தாண்டிய தமிழர் ஒருவர் ஒழுங்காகக் கார் ஓடுகிறார் என்றால், அவருக்குப் பழைய கிரேக்கத் தத்துவம் கட்டாயம் கொஞ்சம் தெரிந்திருக்கும். நம்பாவிட்டால் சிவப்பு விளக்கில் நிற்கும்போது பக்கத்துக் காரின் கண்ணாடியைத் தட்டி, "அண்ணை, இருக்கிறது எண்டால் என்ன?" என்று கேட்டுப் பாருங்கள். பச்சை விழுவதற்குள் அது எத்தனை விதம் என்று சொல்லிவிட்டுத்தான் காரை எடுப்பார். அவர் அசையா மாஸ்ரரிடம் கார் பழகியவர்.

மாஸ்ரரின் சொந்தப் பெயர் எனக்குத் தெரியாது. என்னோடு கார் பழகியவர்களுக்கும் தெரியாது. ஊரில் பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்தவர், அதிலும் கிரேக்கர்கள் இருப்பைப் பற்றி எழுதியதையெல்லாம் கரைத்துக் குடித்தவர் என்று சொன்னார்கள். ரொறன்ரோவுக்கு வந்திறங்கிய சனத்துக்கு இருப்பைவிட லைசென்ஸ் அவசரமாகத் தேவைப்பட்டதால் மனிதர் ட்றைவிங் மாஸ்ரர் ஆனார். அதற்காகத் தத்துவத்தை விட்டாரா என்றால், இல்லை. அதையும் காருக்குள் ஏற்றிக்கொண்டார்.

நான் அவரிடம் போய்ச் சேர்ந்தது தொண்ணூறுகளின் தொடக்கத்தில். விமானங்களுக்குச் சாப்பாடு கட்டி அனுப்பும் சமையற்கூடம் ஒன்றில், மிசிசாகாவில், எனக்கு வேலை கிடைத்திருந்தது. எங்கள் குடும்பம் கனடாவில் கண்ட முதல் நிரந்தர வேலை. பல்லுக்குக்கூடக் காப்புறுதி இருந்தது. ஆனால் ஸ்காபரோவில் முதல் பஸ் புறப்படும் நேரத்தில் நான் அங்கே தலைக்கு வலை போட்டுக்கொண்டு நிற்கவேண்டும். என் கணவருக்கு இரவு வேலை. கூட வேலை செய்த கயானாக்காரி ஒருத்திதான் தன் காரில் ஏற்றிப் போவாள். அவள் ஒரு நாள், பனிக்காலம் முடிய வின்னிபெக்குக்குக் குடிபோகப் போவதாகச் சொன்னாள். அவள் போகும் அன்றோடு என் வேலையும் போய்விடும். என் தம்பி விட்டுப்போன பழைய கார் ஒன்று கட்டிடத்தின் கீழே பனி மூடி நின்றது. அந்த விடிகாலையில் அதை ஓட்டத்தான் ஆளில்லை.

முதலில் கணவர்தான் பழக்கினார். கணவனிடம் கார் பழகுகிறவள் ஒன்றில் லைசென்ஸ் எடுப்பாள், அல்லது விவாகரத்து எடுப்பாள். நாங்கள் இரண்டாவதற்குக் கிட்டப் போனபடியால் அவரே மாஸ்ரருக்குப் போன் பண்ணினார்.

சொன்ன நேரத்துக்குக் கார் வந்து நின்றது. ஓட்டி வந்தவர் பிலிப்பு அண்ணை என்ற மன்னார்க்காரர். வெளியே பனி கொட்டியது, அவருக்கு வியர்த்துக் கொட்டியது. அவர் இறங்கிப் பின் இருக்கைக்குப் போக, நான் ஓட்டுநர் இருக்கையில் ஏறினேன். என் முதல் வேலை பிலிப்பு அண்ணையை அவருடைய வீட்டில் கொண்டுபோய் விடுவது. மாஸ்ரரின் முறை அதுதான். ஒரு மாணவர் அடுத்த மாணவரின் வீட்டுக்குக் காரை ஓட்டி வருவார். அடுத்தவர் இவரை வீட்டில் இறக்கிவிட்டு அதற்கடுத்தவரிடம் போவார். ஆகவே பின் இருக்கையில் எப்போதும் யாராவது உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு இருப்பார்கள். பிலிப்பு அண்ணை செபமாலையையும் பிடித்துக்கொண்டிருந்தார்.

மாஸ்ரர் முன் இருக்கையில் கையைக் கட்டிக்கொண்டு நேரே பார்த்தபடி இருந்தார். நான் கார் எடுத்தேன், அவர் அசையவில்லை. சிவப்பு விளக்கைத் தாண்டினேன், அசையவில்லை. அவருடைய காலடியிலும் ஒரு பிரேக் இருந்தது. அதை அவர் தொட்டதை யாரும் கண்டதில்லை.

"மாஸ்ரர், ஆபத்து அந்தரத்துக்கு நீங்கள் பிரேக் போடுவியள்தானே?"

"போடமாட்டன் தங்கச்சி. நான் அமத்தினால் ஓடுறது நானாய்ப் போகும். பழகிறது நீர்."

"எங்கையேன் இடிச்சால்?"

"உலகத்திலை அசையிற எல்லாத்தையும் அசைக்கிறது ஒண்டு இருக்கு. ஆனா அது தான் அசையாது எண்டு கிழவர் சொல்லுறார். இடப்பக்கம் சிக்னலைப் போடும்."

இந்தக் கிழவர் அவருடைய தகப்பனார் என்றுதான் நான் வெகு நாட்களாக நினைத்திருந்தேன். ஊரிலே சுகமாக இருக்கிறாரா என்றுகூட ஒரு நாள் விசாரித்தேன். "அவர் செத்து ரெண்டாயிரம் வருசத்துக்கு மேலை" என்றார் மாஸ்ரர். பழைய கிரேக்க தேசத்துப் பெரிய ஞானி ஒருவரைத்தான் அவர் அவ்வளவு உரிமையோடு அழைத்து வந்திருக்கிறார்.

எந்தக் காரியத்துக்கும் நாலு காரணம் உண்டு என்பது கிழவரின் கொள்கை. அதை நான் ஒரு குப்பை எடுக்கும் நாளில் கற்றேன். வலப்பக்கம் திரும்பும்போது யாரோ வீட்டுக் குப்பை வாளியை அடித்துவிட்டேன். வாளி நசுங்கி உருண்டு போய்த் தெருவெல்லாம் குப்பை. மாஸ்ரர் நேரே பார்த்தபடி தொடங்கினார்.

"தங்கச்சி, இப்ப ஒரு காரியம் நடந்திருக்கு. அந்த வாளி எதாலை ஆனது?"

"பிளாஸ்ரிக்காலை மாஸ்ரர்."

"என்ன வடிவம்?"

"முதல் உருளை. இப்ப சப்பை."

"ஆர் சப்பையாக்கினது?"

"நான்தான்."

"எதுக்காக?"

"ஒண்டுக்காகவும் இல்லை மாஸ்ரர். தெரியாமல் பட்டிட்டுது."

"பிழை அங்கைதான் இருக்கு. எதுக்காக எண்டு தெரியாமல் ஸ்ரியறிங்கைத் திருப்பக்கூடாது."

நாங்கள் காரணம் தேடிக்கொண்டிருக்க, பிலிப்பு அண்ணை இறங்கிப்போய் மணிக்கட்டில் செபமாலை தொங்கத் தொங்கக் குப்பை பொறுக்கினார். வீட்டுக்கார வெள்ளைக்காரி கோபமாகத்தான் கதவைத் திறந்தாள். செபமாலையைக் கண்டதும் யாரோ பாதிரியார் என்று நினைத்து, தானும் சிலுவை போட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

இன்னொரு நாள் ஸ்ரொப் சைன் ஒன்றுக்குப் பயந்து பயந்து போனேன். பாதித் தூரம் போய் நிறுத்தினேன். மிச்சத்தில் பாதி போய் நிறுத்தினேன். அதிலும் பாதி போய் நிறுத்தியபோது பின்னால் நின்றவர்கள் ஹோர்ன் அடித்துக் களைத்துவிட்டார்கள்.

"கிழவருக்கு முந்தி ஒரு கிரேக்கன் இருந்தவன்" என்றார் மாஸ்ரர். "எங்கை போறதெண்டாலும் முதல் பாதித் தூரம் போகவேணும், பிறகு மிச்சத்திலை பாதி, பிறகு அதிலை பாதி, ஆனபடியால் ஒருத்தரும் ஓரிடமும் போய்ச் சேரேலாது எண்டு சொன்னவன். நீர் அவன்ரை கட்சி. கிழவர் அவனோடை ஒத்துப்போகேல்லை. காலை எடுத்துப் போம்."

லைசென்சுக்கான முதலாவது றோட் ரெஸ்றில், பார்க்கிங் செய்யச் சொன்னபோது நடைபாதையில் ஏறினேன். பரீட்சகர் இறங்கிப் போனபின் ஸ்ரியறிங்கில் தலையை வைத்துக்கொண்டு அழுதேன். மாஸ்ரர் முன் இருக்கையில் வந்து ஏறினார், பிலிப்பு அண்ணை பின்னால் ஏறினார். மாஸ்ரர் கொஞ்ச நேரம் அழவிட்டார்.

"நீர் இடியப்பம் பிழிவீரோ?"

"பிழிவன்."

"இப்ப பிழியிறீரோ?"

"இல்லை மாஸ்ரர். இப்ப அழுறன்."

"அப்ப, அழேக்கை உமக்கு இடியப்பம் பிழியத் தெரியாமல் போச்சோ?"

"அதெப்பிடி? தெரியும்தானே."

"கிழவர் அதைத்தான் சொல்லுறார். ஆற்றலாய் இருக்கிறது ஒரு விதம், செயலாய் இருக்கிறது இன்னொரு விதம். ரெண்டும் இருக்கிறதுதான். நீர் ஆற்றலளவிலை ட்றைவர். அது வெளியிலை வரவேண்டியதுதான் பாக்கி."

பின்னாலிருந்து பிலிப்பு அண்ணை கேட்டார். "மாஸ்ரர், பொலிஸ்காரன் மறிச்சால் அவனுக்கும் உந்த ஆற்றல் கதையையே சொல்லுறது?"

பிலிப்பு அண்ணைதான் எங்களுக்குள் கேள்வி கேட்கிற ஆள். ஒரு நாள் அவர் செபத்தைப் பாதியில் நிறுத்திவிட்டுக் கேட்டார். "எனக்கு ஒரு சந்தேகம். தள்ளுறவன் தானும் கொஞ்சம் அசைஞ்சால்தானே தள்ளலாம்? அசையாமல் இருக்கிற ஒண்டு மற்றதுகளை எப்பிடி அசைக்கும்?"

மாஸ்ரர் நேரே பார்த்தபடி, "அது கடைசிப் பாடம். லைசென்ஸ் எடுத்தாப் பிறகு" என்றார்.

எங்களுக்கு இன்னொரு சந்தேகமும் இருந்தது. என்னிடம் காரைக் கொண்டு வருகிறவர் பிலிப்பு அண்ணை. அவரிடம் கொண்டு வருகிறவர் அவருக்கு முந்திய மாணவர். அவரிடம் அவருக்கும் முந்தியவர். ஆனால் காலையில் முதல் மாணவரிடம் யார் கொண்டு வருகிறார்கள்? முதல் வகுப்புக் கிடைத்தவர்கள் எல்லோரும் ஒரே கதையைத்தான் சொன்னார்கள். கதவைத் திறந்தால் வாசலில் கார் நிற்கும், மாஸ்ரர் பக்கத்து இருக்கையில் கையைக் கட்டிக்கொண்டு இருப்பார், ஓட்டுநர் இருக்கை வெறுமையாக இருக்கும். இதை மாஸ்ரரிடம் கேட்டால், உலகத்தின் அசைவுக்கும் இப்படி ஒரு தொடக்கம் வேண்டும் என்று கிழவர் சொன்னதை விளக்கத் தொடங்குவார். "நான் காரைக் கேட்டால் மனுசன் உலகத்தைச் சொல்லுறார்" என்று பிலிப்பு அண்ணை முணுமுணுப்பார்.

இரண்டாவது ரெஸ்றில் சந்தியில் நின்றுவிட்டேன். எதிரே வராத காருக்கு வழி விட்டு, அது வரும் வரும் என்று காத்திருந்தேன். பரீட்சகர் தன் பேனையை மூடிவிட்டார். அதற்கிடையில் கயானாக்காரி பெட்டி கட்டத் தொடங்கியிருந்தாள். மூன்றாவது ரெஸ்றுக்கு ஒரு திங்கட்கிழமை கிடைத்தது. அந்த வாரக் கடைசியில் அவள் வின்னிபெக்குக்குப் புறப்படுகிறாள். அதிலும் கோட்டை விட்டால் வேலையை மறந்துவிடவேண்டியதுதான்.

ரெஸ்றுக்கு முந்திய சனிக்கிழமை, மாஸ்ரர் எனக்கு நாளின் முதல் வகுப்பைத் தந்தார். எனக்கு நித்திரை வரவில்லை. விடியவே எழும்பிப் பல்கனியில் நின்றேன். மாஸ்ரரின் கார் வந்தது. ஓட்டுநர் பக்கத்தால் இறங்கியவர் காவலாளிச் சீருடை போட்ட ஒரு தமிழர். யன்னலுக்குள் குனிந்து மாஸ்ரரிடம் ஏதோ சொல்லிவிட்டு பஸ் தரிப்பிடத்துக்கு நடந்தார். நான் ஜக்கெற்றை மாட்டிக்கொண்டு கீழே ஓடிப்போய் அவரைப் பிடித்தேன்.

"முந்தி மாஸ்ரரிட்டைப் பழகினனான் அக்கா. வேலை முடிஞ்சு வாற வழியிலை அவரைக் கொண்டுவந்து விடுறனான். சனியிலை நான், ஞாயிறிலை வேறை ஒரு பெடியன், மற்ற நாளுகளுக்கும் ஆக்கள் இருக்கினம்."

"ஏன், மாஸ்ரர் தானே ஓடமாட்டாரோ?"

"அதை அவரிட்டையே கேளுங்கோ" என்று சிரித்தார். பஸ் வந்துவிட்டது.

நான் போய்க் காருக்குள் இருந்தேன். எஞ்சினைத் தொடவில்லை. மாஸ்ரர் நேரே பார்த்தபடி இருந்தார். அவர் ஏன் தானே கார் ஓடுவதில்லை என்று கேட்டேன்.

"மாஸ்ரராய் வேலை தொடங்கின முதல் பனிக்காலம், ஹைவேயிலை ஒரு லொறி உரஞ்சிற மாதிரிக் கடந்து போச்சு. ஒண்டும் நடக்கேல்லை. ஆனா அண்டைக்குப் பிறகு ஸ்ரியறிங்கைப் பிடிச்சால் கை விறைச்சுப்போகும். எனக்கு ஆற்றல் இருக்கு தங்கச்சி. செயலுக்கு வருகுதில்லை."

"அப்ப நீங்கள் அசையாமல் இருக்கிறது தத்துவமில்லையோ?"

"பயம். கொஞ்சம் அசைஞ்சாலும் கதவைத் திறந்துகொண்டு குதிச்சிடுவன் எண்ட பயம். அதுதான் கையைக் கட்டிக்கொண்டு இருக்கிறன்."

"பிரேக்கைத் தொடாததும்?"

"கால் எழும்பாது."

எனக்குக் கோபம் வந்திருக்கவேண்டும். சிரிப்புத்தான் வந்தது. கண்ணாடியெல்லாம் மூச்சுப் பட்டுப் புகார் படியும்வரை சிரித்தேன். மாஸ்ரரின் உதடும் ஒரு ஓரத்தில் கொஞ்சம் அசைந்தது. சிரித்து முடிந்தபின்தான் யோசித்தேன். இவ்வளவு பயத்தையும் வைத்துக்கொண்டு இந்த மனிதர் நாள் முழுக்க எங்களைப் போன்றவர்களுக்குப் பக்கத்தில் ஏறி இருக்கிறார். அதற்கு முன்னால் என் பயம் எந்த மூலைக்கு?

திங்கட்கிழமை வந்த பரீட்சகர் சும்மா இருக்கத் தெரியாத மனிதர். சுவிங்கம் மென்றார், காகிதம் புரட்டினார், பேனையால் முழங்காலில் தாளம் போட்டார். எனக்கு அது பெரிய ஆறுதலாக இருந்தது. பயப்படுகிற ஆள் அசையமாட்டார் என்பது எனக்கு இப்போது தெரியும். சந்தியில் வராத காருக்கு நான் காத்திருக்கவில்லை. ஸ்ரொப் சைனுக்கு ஒரேயடியாகப் போய் நின்றேன். நடைபாதை அதன் பாட்டில் கிடந்தது.

வெளியே மாஸ்ரரும் பிலிப்பு அண்ணையும் பனிக்குள் நின்றார்கள். பாஸ் என்று நான் சொன்னதும் பிலிப்பு அண்ணை செபமாலையை முத்தமிட்டார். "ஆற்றல் வெளியிலை வந்திட்டுது" என்றார் மாஸ்ரர்.

"அப்ப கடைசிப் பாடம்?" என்று நினைவூட்டினார் பிலிப்பு அண்ணை.

மாஸ்ரர் சப்பாத்தில் ஒட்டிய பனியைப் பார்த்துக்கொண்டு சொன்னார். "தள்ளித்தான் அசைக்கவேணும் எண்டில்லை. கிழவர் என்ன சொல்லுறாரெண்டால், எல்லாத்துக்கும் அதிலை ஒரு விருப்பம். அந்த விருப்பத்திலை மற்றதுகள் தானாய் அசையும். அது சும்மா இருந்தால் போதும்."

"அப்ப அது ஆண்டவர்தானே."

"கிழவரும் கிட்டத்தட்ட அப்பிடித்தான் சொல்லுறார்."

அன்று எனக்கு அது முழுதாக விளங்கவில்லை. வேலை தப்பியதே போதும் என்றிருந்தது. அந்த வேலையில் வெகு காலம் இருந்தேன். பற்களும் நன்றாக இருக்கின்றன.

அடுத்த பனிக்காலத்தில் அந்தக் காவலாளித் தம்பி றிச்மண்ட் ஹில்லுக்கு வீடு மாறிப் போனார். அதன்பிறகு சனிக்கிழமை விடியலில் என் காரை மாஸ்ரரின் கட்டிடத்தில் விட்டுவிட்டு, அவருடைய காரில் அவரை முதல் மாணவரின் வாசலுக்குக் கொண்டுபோவேன். அங்கே இறங்கி, என் காருக்குத் திரும்ப பஸ்ஸுக்கு நிற்பேன். பிலிப்பு அண்ணை ஒருவழியாக லைசென்ஸ் எடுத்த பிறகு, ஞாயிற்றுக்கிழமைகளில் பூசைக்கு முன்னர் அவரும் அப்படி நின்றார். பஸ்ஸை நம்பி இருக்கக்கூடாது என்றுதான் நான் அவ்வளவு பாடுபட்டு லைசென்ஸ் எடுத்தேன். எடுத்த லைசென்சைக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு, மூக்கு விறைக்கும் குளிரில், பல வருடம் பஸ் தரிப்பிடத்தில் நின்றிருக்கிறேன். எனக்கு அந்த மனிதரை அவ்வளவு பிடித்திருந்தது. வாருங்கள் என்று அவர் ஒரு நாளும் கேட்டதில்லை. கையைக் கட்டிக்கொண்டு, தன் இருக்கையில், அவர் சும்மாதான் இருந்தார்.