மக்னோலியாவில் கை வைக்காதீங்க!

முதல் கிளை சடசடவென்று விழுந்ததும் மாஸ்டர் ஏணியிலிருந்து இறங்கி, பத்தடி தள்ளி நின்று பார்த்தார். மக்னோலியா மரம் ஒரு தோளில் மட்டும் மூட்டை சுமப்பவனைப் போல இடப்பக்கமாகக் கோணிக்கொண்டு நின்றது.

மாஸ்டர் என்றால் கார் ஓட்டக் கற்றுத்தரும் மாஸ்டர். இருபது வருடமாகப் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து அடுத்தவர் தப்பைக் கண்டுபிடித்தே காலம் தள்ளியவர். அவருடைய தப்பைக் கண்டுபிடிக்க வீட்டில் மனைவி ஒருத்திதான் உண்டு. அவள் நேற்றுத்தான் தன் தங்கை வீட்டுக்குக் கிளம்பிப் போயிருந்தாள்.

"ஞாயித்துக்கிழமை வந்துடுவேன். மரத்துல மட்டும் கை வைக்காதீங்க. அடுத்த மாசம் பூக்கப் போகுது, உங்கக்கா வர்றாங்க. கிளையை வெட்டிக் கவாத்து பண்றதெல்லாம் விஷயம் தெரிஞ்சவங்க செய்யற வேலை. உங்களுக்கு வராது."

கடைசி இரண்டு வார்த்தைதான் மாஸ்டரைச் சுட்டது. வராதா? எத்தனை பேரை ரிவர்ஸ் எடுக்க வைத்தவர் அவர்!

அந்த மரம், வீடு கட்டியபோது அக்கா கொண்டுவந்து நட்ட கன்று. வருடா வருடம் பூக்கும் சமயத்தில் இரண்டு பெட்டியோடு வந்து இறங்குவாள். பூ பத்து நாளில் உதிர்ந்துவிடும். அக்கா உதிர ஒரு மாதமாகும். அந்த ஒரு மாதமும் வீடு கலகலவென்று இருப்பதாக மாஸ்டருக்கு எண்ணம்; மனைவியை அவர் கேட்டதில்லை.

"இந்தப் பக்கம் ஜாஸ்தியா இருக்கே, மாஸ்டர்?" பக்கத்து வீட்டுப் பல் டாக்டர் மதில்மேல் தலையை நீட்டினார்.

"சமன் பண்ணிட்டா சரியாப் போச்சு!"

இடப்பக்கத்தில் ஒரு கிளை போனது. இப்போது வலப்பக்கம் கனத்தது. அங்கே இரண்டை எடுத்தார். உச்சி மட்டும் குடுமி மாதிரி தனியாகத் துருத்தியது. அதையும் எடுத்தார். மிஞ்சிய ஒன்றிரண்டு கிளைகளில் சாம்பல் நிறத்தில், ரோமத்தோடு, சுண்டெலி மாதிரி ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தது. பூச்சிக் கூடு! ஒன்று விடாமல் கிள்ளி எறிந்தார்.

மத்தியானத்துக்குள் மரம், சட்டை மாட்டும் ஸ்டாண்டாகிவிட்டது.

மாஸ்டர் செடி விற்கும் நர்சரிக்குப் போன் போட்டார்.

"வெட்டின இடத்துல ஏதாவது பூசணுமாம்மா?"

"இப்பவா வெட்டினீங்க? பூத்து முடிஞ்ச பிறகுதானே சார் கவாத்து பண்ணணும்! மொட்டு இருந்திருக்குமே, ரோமம் ரோமமா?"

"அது... பூச்சிக் கூடு இல்லையா?"

நர்சரிப் பெண் கெஞ்ச ஆரம்பித்தாள்.

"சார், தயவுசெஞ்சு மிச்சம் இருக்கறதையாவது தொடாதீங்க."

மறுநாள் சனிக்கிழமை. காலையிலேயே அக்கா வீடியோவில் வந்துவிட்டாள்.

"மொட்டு எவ்வளவு பெருசாயிருக்குன்னு காட்டுடா."

"இதோ, செருப்பு போட்டுக்கிட்டு வரேன்க்கா" என்று போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு மாஸ்டர் தோட்டத்துக்கு ஓடினார். வெட்டிப் போட்ட குவியலில் மொட்டுள்ள கிளை ஒன்றைத் தேடி எடுத்து, டாக்டரை மதில் தாண்டி வரவழைத்து, அடிமரத்துக்குப் பின்னால் நிறுத்தினார்.

"இதைத் தூக்கிப் பிடிங்க. ஆடாதீங்க. ரெண்டு நிமிஷம்."

டாக்டரும் பல்லைக் கடித்துக்கொண்டு பிடித்தார். மாஸ்டர் உள்ளே ஓடிப் போனை எடுத்து வந்து காட்டினார். அக்கா கண்ணை இடுக்கினாள்.

"நல்லாத்தான் இருக்கு. ஆனா ஏண்டா இது மூச்சு வாங்குது?"

"காத்துக்கா."

அப்போதுதான் மொட்டின் ரோமம் டாக்டரின் மூக்கில் உரசியது. அவர் தும்மிய தும்மலில் கிளை ஓரடி முன்னால் வந்து, பின்னால் போய், தொப்பென்று விழுந்தது. அதன் பின்னாலிருந்து, "மன்னிச்சுக்குங்க மாஸ்டர்" என்று மரம் பேசியது.

அடுத்த கால் மணி நேரம் அக்கா பேசினாள். மாஸ்டர் பிறந்த நாளிலிருந்து ஆரம்பித்துச் சகலத்தையும் பேசினாள்.

"நான் நட்ட மரத்தை மொட்டையடிச்சிட்டியே! அந்த வீட்டுல இனிமே எனக்கு என்ன வேலை? நான் வரல. இந்த வருஷமும் இல்ல, எந்த வருஷமும் இல்ல!"

ஞாயிற்றுக்கிழமை காலை மனைவி வந்தாள். மாஸ்டர் தானே போய்ப் பெட்டியை வாங்கிக்கொண்டார். கல்யாணத்துக்குப் பிறகு இதுதான் முதல் தடவை. அவள் தோட்டத்துக்குப் போய், மரத்தைப் பார்த்தபடி நின்றாள்.

"அக்காவும் வரலைன்னுட்டாங்க" என்றார் மாஸ்டர், தரையைப் பார்த்து. "இனிமே எப்பவுமே வர மாட்டாங்களாம்."

அவள் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டு திரும்பிக்கொண்டாள். தோள் குலுங்கியது. மாஸ்டருக்கு நெஞ்சு உடைந்துவிட்டது.

"அழாதம்மா. தப்பு என்மேலதான். நீ அவ்வளவு சொல்லிட்டுப் போயும்..."

தோள் இன்னும் பலமாகக் குலுங்கியது.

வாசலில் ஹாரன் கேட்டது. மாஸ்டர் போய்க் கேட்டைத் திறந்தார். குப்பை அள்ளும் சின்ன லாரி ஒன்று நின்றது. டிரைவர் கையுறையை மாட்டிக்கொண்டே இறங்கினான்.

"நான் யாரையும் வரச் சொல்லலையேப்பா?"

"அம்மாதான் சார். ஞாயித்துக்கிழமை காலையில ஒரு லோடு மக்னோலியா கிளை கிடக்கும், வந்து அள்ளிட்டுப் போங்கன்னு பத்து நாளைக்கு முன்னாடியே சொல்லி வச்சிட்டாங்களே!"