நான் இல்லைன்னு நினைச்சுக்கோங்க

இல்லாமல் இருப்பதற்காகவே ஓயாமல் பாடுபடும் ஒரு பிராணி உலகத்தில் உண்டு. வாழ்க்கையை உள்ளது உள்ளபடி எடுக்கும் ஆவணப்படக்காரர்தான் அது. கேமரா, முக்காலி, தலையில் பஞ்சுத்தொப்பி போட்ட மைக், தோளுக்கொரு பை என்று சகல பரிவாரங்களுடன் வந்து, வாசலை அடைத்துக்கொண்டு நின்று, "நான் இல்லைன்னு நினைச்சுக்கோங்க" என்பார். எப்படி ஐயா நினைப்பது?

எங்கள் தெருச் சலூனுக்கு அப்படி ஒருவர் வந்தபோது, சலூன்காரர் நினைத்துப் பார்த்தார். தங்கமான மனிதர், வந்தவரைப் போ என்று சொல்லத் தெரியாது.

'எதிலும் தலையிட மாட்டேன்' என்பது ஆவணப்படக்காரரின் விரதம். தலையிடாமலே ரேடியோவை அணைத்தார். மின்விசிறி இரைகிறது என்று அதையும் நிறுத்தினார். சலூன்காரர் தும்மியபோது மட்டும் அப்படியே உருகிவிட்டார். "பிரமாதம்! இதே மாதிரி இயல்பா இன்னொரு தடவை தும்முங்க."

கேமராவைக் கண்டதும் முதலில் காணாமல் போனவர், தலைக்குச் சாயம் பூசுவதை மனைவிக்கே சொல்லாத வங்கி மேலாளர். அடுத்து, அலுவலகத்துக்கு மட்டம் போட்டுவிட்டுச் சவரத்துக்கு வருகிறவர்கள். ஒருவர் பாதி முகத்து நுரையோடு எழுந்து எதிரே இருந்த இன்னொரு சலூனுக்கே ஓடினார். சில நாளில் சலூன்காரர் ஈ ஓட்ட ஆரம்பித்தார். காலிக் கல்லாவைத் திறந்து திறந்து மூடினார். ஆவணப்படக்காரருக்கோ கண் கலங்கியது. காலி நாற்காலியைக் கிட்டப் போய், எட்ட நின்று, கண்ணாடி வழியாக என்று எடுத்துத் தள்ளினார்.

"என்ன ஒரு தனிமை! ஆளே வராத கடை!"

"நீங்க வர்றவரைக்கும் வந்துக்கிட்டுதான் சார் இருந்தாங்க."

"ஆகா! இதையே கொஞ்சம் சன்னலைப் பார்த்துச் சொல்லுங்க."

வீட்டில் மனைவி பொரிந்து தள்ளினாள். "போங்கன்னு சொல்ல வாய் வரலையா? வாடகை கேட்டு வந்தா அந்தப் படத்தையா போட்டுக் காட்டுவீங்க? கடையை மூடிட்டு நாம எங்க போறது?"

மறுநாள் சலூன்காரர் ஆவணப்படக்காரரின் காதோடு சொன்னார்: "என் கஷ்டமெல்லாம் ஒரு கஷ்டமா சார்? எதிர்க்கடைக்காரரைப் பாருங்க. எப்பப் பார்த்தாலும் சிரிப்பு. உள்ளுக்குள்ள எவ்வளவு இருக்கோ! கேக்கத்தான் ஒரு ஆளில்லை, பாவம்."

முக்காலி உடனே மடங்கியது. அன்று சாயங்காலமே வங்கி மேலாளர், பாதி கறுப்பும் பாதி வெளுப்புமான தலையோடு, தெருவைக் குறுக்கே கடந்து ஓடிவந்தார். சலூன்காரர் சந்தோஷமாக மின்விசிறியைப் போட்டார்.

சிரிக்காதீர்கள், வாசகரே. "நான் பாட்டுக்கு ஓரமா உக்காந்திருக்கேன், நீங்க உங்க வேலையைப் பாருங்க" என்று யார் வீட்டிலாவது போய் உட்கார்ந்ததுண்டா? கொஞ்ச நேரத்தில் அவர்கள் பக்கத்து வீட்டுக்காரரின் அருமை பெருமைகளை எடுத்துவிட ஆரம்பித்தார்களா? அப்படியானால் உங்களுக்குக் கேமரா ஒன்றுதான் குறை.