ஒரு விரல் வாத்தியார்

"அந்தத் துண்டைக் காட்டும்" என்றார் முன்சீப்.

ராஜதுரை அண்ணாச்சி கூண்டில் நின்றபடி தோள்துண்டை எடுத்து உதறினார். சங்கு மூட்டைகள் அடுக்கும் கிட்டங்கியின் நாற்றம் கோர்ட்டைச் சுற்றிப் பார்த்துவிட்டு, முன்சீப்பின் மேஜையில் போய் உட்கார்ந்துகொண்டது. முன்சீப் மூக்கைப் பொத்தியபடியே அதைச் சான்றுப் பொருளாகக் குறிக்கச் சொன்னார்.

அண்ணாச்சிக்குத் தூத்துக்குடியில் சங்கு வியாபாரம். சர்க்கார் மானியம் வாங்கும் பள்ளிக்கூடம் ஒன்றுக்கும் அவர்தான் மேனேஜர். யுத்தம் முடிந்த சமயம் அங்கே ஐந்தாம் வகுப்புக்கு வாத்தியார் வேலை ஒன்று காலியானது. இரண்டு பேர் கேட்டு வந்தார்கள்.

ஒருவர் ஸ்ரீவைகுண்டம் சாரங்கபாணி. டிரெயினிங்கில் ஜில்லாவிலேயே முதல். மாமனார் வீட்டுச் சாப்பாடு. மாமனார் எழுந்திருக்குமுன் வெளியே போய், அவர் படுத்தபின் வீடு திரும்புகிற வாழ்க்கை.

இன்னொருவன் அண்ணாச்சியின் தங்கை செல்லத்தாய் மகன் பால்துரை. அவனும் டிரெயினிங் முடித்தவன்தான். வாத்தியார்கள் சலித்துப்போய்ச் சர்ட்டிபிகேட்டைக் கொடுத்து வழியனுப்பினார்கள்.

"எம் மவனுக்கு வேலை இல்லைன்னா, யண்ணே, உன் வாசப்படி மிதிக்கமாட்டேன்" என்று செல்லத்தாய் சத்தியம் செய்திருந்தாள்.

இந்த இக்கட்டில் அண்ணாச்சி ஒரு வழி கண்டுபிடித்தார். முத்து, சங்கு பேரத்தில் விலையை வாயால் சொல்வதில்லை. துண்டால் மூடிக்கொண்டு ஒருவர் கையை ஒருவர் பிடிப்பார்கள். எத்தனை விரலோ அதுதான் விலை. மார்க்கையும் அப்படியே போட்டால் யார் என்ன போட்டார் என்று தெரியாது, பழியும் வராது. அண்ணாச்சியும் கமிட்டி மெம்பர் ரோச்சும் துண்டைப் போட்டார்கள். பால்துரைக்கு ஐந்து விரல், சாரங்கபாணிக்கு ஒன்று. வேலை பால்துரைக்குப் போயிற்று. சாரங்கபாணி கோர்ட்டுக்குப் போய்விட்டார்.

"முதல் மார்க் வாங்கியவருக்கு ஏன் ஒரு விரல்?" என்று கேட்டார் முன்சீப்.

"எஜமான், நல்ல சரக்குன்னா கொறைச்சுத்தான் கேக்கணும். அது தொழில் வழக்கம்."

"அப்படியென்றால் அவர் நல்ல சரக்கு?"

"ஜில்லாவுக்கே நல்ல சரக்கு. அதனாலதான் ஒரு வெரல்."

அண்ணாச்சியின் வக்கீல் சிவனணைந்தபெருமாள் கண்ணை மூடிக்கொண்டார்.

"ஐந்து விரல் வாங்கியவர்?"

"சொந்தக்காரன் சரக்குக்குப் பேரம் பேசப்பிடாது எஜமான். பாவம்."

இதைச் சரிக்கட்ட, வக்கீல் ரோச்சைக் கூண்டில் ஏற்றினார். "துண்டுக்குள்ளே பாரபட்சம் எதுவும் நடக்கலைன்னு சொல்லும்."

"மாதா சத்தியமா நடக்கல. சாரங்கபாணிக்கு நான் நாலு வெரலு நீட்டினேன். அண்ணாச்சி மூணை மடக்கிவிட்டாரு. யாவாரத்துல மடக்குறது உண்டுதானேன்னு நானும் விட்டுட்டேன்."

மத்தியானம் கோர்ட்டு வாசல் வேப்பமரத்தடியில் சாரங்கபாணி நேரே அண்ணாச்சியிடம் வந்தார்.

"எங்கிட்ட என்ன குறை கண்டேள்? அதையாவது சொல்லிடுங்கோ."

"குறை இல்லாததுதான் சாமி தொந்தரவு."

"பிச்சையா கேக்கறதுன்னா கெஞ்சியிருப்பேன். இது நியாயமா வரவேண்டியது. அதுக்கு எப்படிக் கெஞ்சறதுன்னு எனக்குத் தெரியலை."

வாயில் போட்ட வெற்றிலையை மெல்ல மறந்து நின்றார் அண்ணாச்சி. வியாபாரத்தில் யாரும் அவரிடம் இப்படிப் பேசியதில்லை.

சாயங்காலம் வக்கீல் தடுத்தும் கேட்காமல் அண்ணாச்சி பால்துரையைச் சாட்சி சொல்ல வைத்தார்.

"வேண்டாம் அண்ணாச்சி, இருக்கதும் போயிரும்."

"ஏறட்டும் வே. பய கணக்குல புலி."

முன்சீப் புலியைப் பார்த்துக் கேட்டார்: "இருபத்தேழில் மூன்றில் ஒரு பங்கு எவ்வளவு?"

"எதுல ஐயா?"

"எதுவானால் என்ன?"

"அப்ப மாமாட்டக் கேட்டுத்தான் சொல்லணும்."

அண்ணாச்சி எழுந்து ஒன்பது விரல்களை உயர்த்திக் காட்டினார். இந்தத் தடவை துண்டு இல்லை. கோர்ட்டு முழுக்கப் பார்த்தது. பால்துரை உதட்டை அசைத்து நிதானமாக எண்ணினான்.

"எட்டு" என்றான்.

முன்சீப் அதற்குமேல் யாரையும் விசாரிக்கவில்லை. சர்க்கார் மானியம் வாங்குகிற பள்ளிக்கூடம் மேனேஜரின் கிட்டங்கி அல்ல, வாத்தியாரை எடுப்பது பிள்ளைகளுக்காகவே தவிர மருமகனுக்காக அல்ல என்று எழுதினார். பால்துரையின் நியமனம் ரத்து. திங்கட்கிழமை முதல் சாரங்கபாணி ஐந்தாம் வகுப்புக்குப் போகவேண்டும். தீர்ப்பைக் கேட்ட சாரங்கபாணி அங்கவஸ்திரத்தால் முகத்தை மூடிக்கொண்டார். அந்தத் துணி கொஞ்ச நேரம் குலுங்கியது.

வெளியே செல்லத்தாய் மண்ணை வாரித் தூற்றத் தயாராகத்தான் நின்றாள். அண்ணன் தொங்கின தலையோடு படியிறங்குவதைப் பார்த்ததும் மனசு கரைந்துவிட்டது.

"விடு யண்ணே. எம் மவனுக்காவ ஊரு சிரிக்க நின்னியே, அது போதும். சர்க்காரே குறுக்க நிக்கும்போது நீ என்ன செய்வ? ஞாயித்துக்கிழமை வீட்டுக்கு வாரேன், மதினிட்டச் சொல்லிரு."

"கோர்ட்டு உத்தரவாயிப் போச்சே தங்கச்சி" என்று அண்ணாச்சி துண்டால் கண்ணைத் துடைத்தார். நாற்றத்தில் கண்ணீர் நிஜமாகவே வந்தது. செல்லத்தாய் மகனை இழுத்துக்கொண்டு நடந்தாள்.

அவர்கள் தெருமுனை திரும்பும்வரை, சாரங்கபாணிக்காக வாதாடிய வக்கீலின் குமாஸ்தா அய்யாக்குட்டி மரத்துக்குப் பின்னால் காத்திருந்தான். பிறகு பக்கத்தில் வந்து குரலைத் தாழ்த்திக் கேட்டான்:

"அண்ணாச்சி, அந்த வாத்தியாரைத் தேடிப் பிடிச்சு உங்க மேல வழக்குப் போடவைக்கச் சொல்லி எங்களை அனுப்பினது நீங்கதான்னு, இனியாவது அவர்ட்டச் சொல்லலாமா?"